ரூலர் அண்ணனின் வலது கால்

மார்ச் பதினான்காம் தேதி, வியாழக்கிழமை, காலை ஏழு மணி ஐந்து நிமிடம். பினாங்குத் தீவிலேயே தன் வலது காலை நம்பாத ஒரே ஓட்டுநர் ரூலர் அண்ணன்தான் என்பது அன்று ஐயமற நிறுவப்பட்டது.

குவீன் ஸ்திரீட் முனையிலிருந்து செபராங் ஜெயாவிலுள்ள எங்கள் கல்லூரிக்கு ஒன்பது மாணவர்களை வேனில் ஏற்றிச் செல்பவர் அவர். தினமும் புறப்படுமுன் வேனுக்கு வெளியே போட்ட நாற்காலியில் அமர்ந்து, வலது பாதத்தை வேன் கதவுக்கு ஒரு விரல் இடைவெளியில் நிறுத்துவார். கதவோரமாக ஒருவர் ரூலரை, அதாவது அடிக்கோலை, நழுவவிட வேண்டும்; அதை அவர் பாதத்தால் கதவோடு அழுத்திப் பிடிப்பார். பதினைந்து சென்டிமீட்டருக்குள் பிடித்தால்தான் வேன் கிளம்பும். கோலை விடும் பொறுப்பு என்னுடையது. அதிகம் பேசாதவள் என்பதே தகுதி. எனக்கு முன்பு அப்பணியிலிருந்த கவிதா, "ஒன்னு, ரெண்டு, மூணு" என்று எண்ணிவிட்டுப் போட்டதால் நீக்கப்பட்டாள்.

"நாய் குறுக்க வர்றப்ப எண்ணிட்டாம்மா வரும்?" என்றார் அண்ணன்.

பிரேக் மிதிக்கும் காலைத் தாமதப்படுத்துபவை என அவர் கண்டறிந்தவை பல: அரைத் தூக்கம், ஈரச் செருப்பு, மூன்றாவது ரொட்டி சானாய், கைத்தொலைபேசி, மைத்துனரின் பேச்சு. வயதை மட்டும் அவர் குறிப்பிட்டதில்லை, நாங்களும் நினைவூட்டியதில்லை.

அன்று எனக்கு இறுதித் தேர்வு. எட்டே முக்காலுக்கு மண்டபத்தின் கதவைச் சாத்திவிடுவார்கள். கோலை விட்டேன். இருபத்து மூன்று.

"ராத்திரி சளி மருந்து குடிச்சேன்லா. இந்தக் காலு இன்னைக்கு லீவு."

"எக்ஸாம் அண்ணே. மெதுவாவாச்சும் போங்கலா," என்றாள் கவிதா.

"மெதுவா போனா காலு முழிச்சிக்குமா?"

அண்ணன், மூன்று ஆண்டுகளாகப் பேசாதிருந்த மணியத்தைத் தொலைபேசியில் அழைத்தார். மணியமும் வேன் ஓட்டுபவர். சிலிப்பர் போட்டுக்கொண்டு ஓட்டுபவர் என்பதே பகைக்குக் காரணம்.

பத்து நிமிடத்தில் மணியம் வந்தார். "என்னாண்ணே, கடைசியில சிலிப்பர்காரன்தான் வேணுமா?"

"வேணும்பா. புள்ளைங்களுக்கு எக்ஸாம்." அண்ணன் நாற்காலியைத் தள்ளினார். "உக்காரு. காலைக் காட்டு."

பதினான்கு. அண்ணன் தம் காலணிகளைக் கழற்றி நீட்டினார். மணியம் அணிந்ததும், காலணி மாறியதால் மறுபடியும் அளக்கச் சொன்னார். பதின்மூன்று.

மணியம் எங்கள் வேனை எடுக்க, வெறுங்காலோடு அண்ணன் என் பக்கத்து இருக்கையில் அமர்ந்தார். பாலம் கடந்து, ஒவ்வொரு சிவப்பு விளக்கிலும் வலது காலால் தரையை அழுத்தினார். ஒவ்வொரு முறையும் வேன் நின்ற பிறகே.

எட்டு நாற்பத்து நான்குக்கு மண்டபத்துக்குள் நுழைந்தேன். கதவு சாத்தப்படுமுன் திரும்பிப் பார்த்தேன். கல் குத்தும் தார்மீது கால் மாற்றி நின்றபடி அவர் தும்மிக்கொண்டிருந்தார்.

மறுநாள் எனக்குத் தேர்வு இல்லை, வேனும் தேவையில்லை. காலை ஆறு மணிக்கு எழுந்து இஞ்சியைத் தட்டிக் கொதிக்கவைத்து, பிளாஸ்கில் ஊற்றிக் குவீன் ஸ்திரீட் முனைக்குக் கொண்டுபோனேன். "குடிங்கண்ணே, இதுல தூக்கம் வராது," என்று சொல்லி, அவர் குடித்து முடிக்கும்வரை பக்கத்தில் நின்றேன்.