மை இல்லாத பத்து நிமிடம்

வாழ்க்கையில் ஒரே ஒரு காரியத்தைத்தான் நான் முழுதாகத் திட்டம் போட்டுச் செய்தேன். மற்றதெல்லாம் ஏனோதானோ என்று செய்தவை. அவை நன்றாகவே நடந்தன. திட்டம் போட்டுச் செய்த அந்த ஒன்றைத்தான் முப்பது வருடத்துக்கு மேலாக எங்கள் வீட்டில் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள்.

1991-இல் எனக்கு இருபத்தொரு வயது. ஒரகடம் பக்கம் வடக்குப்பட்டில் வீடு. தினமும் பஸ் பிடித்து ஸ்ரீபெரும்புதூர் கடைவீதியில் இருந்த டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டுக்குப் போவேன். போனேன் என்பதுதான் உண்மை. கற்றுக்கொண்டேன் என்று சொல்ல முடியாது. ஹையர் பரீட்சை பத்து நிமிடம்; நிமிடத்துக்கு நாற்பத்தைந்து வார்த்தை அடிக்க வேண்டும். லோயர் முடித்து ஒன்றரை வருடம் ஆகியும் என் வேகம் முப்பத்திரண்டில் நின்றிருந்தது. (நின்றிருந்தது என்பதுகூட மரியாதைக்குச் சொல்வது. படுத்திருந்தது.)

அண்ணன் அருள் ஸ்ரீபெரும்புதூர் போகும் சாலையில் இருந்த ஒரு கம்பெனியில் லேத் ஓட்டிக்கொண்டிருந்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை கோயில் முடிந்து வந்து சாப்பிடும்போது விஷயத்தைச் சொன்னான்.

"எங்க ஆபீஸ்ல டைப்பிஸ்ட் வேலைய வுட்டுட்டுப் போறாங்க. ஹையர் சர்ட்டிபிகேட் இருந்தா எடுத்துக்கலாம்னு சூப்பர்வைசர் சொல்லிக்கீறாரு. உன் ரிசல்ட் வர்ற வரைக்கும் இடத்தை வெச்சிருக்கச் சொல்லியிருக்கேன். என் மானம் உன் விரல்ல கீது, ஸ்டெல்லா."

அன்று மாலையே பழைய காலண்டர் தாளைத் திருப்பி, அதன் முதுகில் மூன்று மாதத்துக்குத் திட்டம் எழுதினேன். எந்த வாரம் எந்தப் பயிற்சி, எந்தச் சனிக்கிழமை என்ன வேகம் என்று கட்டம் கட்டிக் கதவுக்குப் பின்னால் ஒட்டினேன். ஆச்சரியம் என்னவென்றால், எழுதி முடித்ததும் எனக்கே ஆசை வந்துவிட்டது. அதுவரை நாற்பத்தைந்து என்பது ஏற முடியாத மலையாகத் தெரிந்தது. கட்டம் போட்டதும் அது வாரத்துக்கு ஒரு வார்த்தை, இரண்டு வார்த்தை என்று ஆகிவிட்டது. அடுத்த கட்டத்தை நிரப்புவதற்காகவே மழையிலும் பஸ்ஸுக்கு நின்றேன். சாதத்தட்டின் விளிம்பில் விரல்கள் தானாக அடித்தன. கோயிலில் முன் பெஞ்சின் முதுகில் நான் அடித்த அடிக்கு அம்மா தொடையில் கிள்ளினாள். பரீட்சைக்கு முந்தைய சனிக்கிழமை வேகம் நாற்பத்தேழு.

பக்கத்து மெஷினில் அடித்துக்கொண்டிருந்தவள் வல்லத்து மெர்சி. நினைத்தால் வருவாள், நினைத்தால் வரமாட்டாள். வந்தால் ஐம்பது அடிப்பாள். அவளை நினைத்து எனக்குப் பரிதாபமாக இருக்கும். (பாவம், திட்டம் இல்லாத பிள்ளை.)

பரீட்சை நாளுக்கென்று தனியாக ஒரு பட்டியல் தயாரித்திருந்தேன். கைக்குட்டை இரண்டு. ஹால் டிக்கெட் பிளாஸ்டிக் கவரில். இட்லி இரண்டு மட்டும், மூன்று சாப்பிட்டால் தூக்கம் வரும். மணி அடிப்பதற்கு முன் ஐந்து நிமிடம் கண் மூடி, மூச்சை இழுத்துவிட்டு, பைபிளிலிருந்து ஒரு சங்கீதம். முதல் நாள் மதியம், மெஷினைச் சுத்தம் செய்வது.

அந்தக் காலத்தில் இன்ஸ்டிடியூட் மெஷினைத்தான் பரீட்சை எழுதும் ஊருக்கு டெம்போவில் ஏற்றிப் போவார்கள். ஏற்றுவதற்கு முன்பே என் மெஷினை மண்ணெண்ணெய் தொட்டுப் பழைய பல்துலக்கும் பிரஷ்ஷால் எழுத்து எழுத்தாகத் தேய்த்தேன். எழுத்தைத் தூக்கும்போதெல்லாம் மை தோய்ந்த ரிப்பனும் எழும்பிக் குறுக்கே வந்தது. பக்கவாட்டில் ஒரு சின்ன விசை உண்டு. அதை வெள்ளைப் புள்ளிக்குத் தள்ளினால் ரிப்பன் எழும்பாது. தள்ளினேன். வேலை சுலபமானது. மெஷின் பளபளத்தது. மூடி போட்டுக் கட்டிவிட்டு வீட்டுக்குப் போனேன்.

மறுநாள் காஞ்சிபுரத்தில் ஒரு பள்ளிக்கூட ஹால். மெஷினைச் சரிபார்க்க ஐந்து நிமிடம் கொடுத்தார்கள். ஹால் முழுக்கத் தடதடவென்று சத்தம். நான் மட்டும் பட்டியல்படி கண்ணை மூடிக்கொண்டேன். மெர்சி முழங்கையால் இடித்து, ரெண்டு வார்த்தை அடித்துப் பார்க்கச் சொன்னாள். கண்ணைத் திறக்காமலே, நேற்றே எல்லாம் பார்த்தாகிவிட்டது என்றேன்.

மணி அடித்தது.

டைப்ரைட்டிங்கில் முதல் பாடமே கண் கேள்வித்தாளில்தான் இருக்க வேண்டும், அடிக்கும் தாளைப் பார்க்கக் கூடாது என்பது. நான் பார்க்கவில்லை. அன்றைக்கு என் விரல்கள் ஓடிய ஓட்டம் அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. சத்தம்கூட வழக்கத்தைவிடத் துல்லியமாக, கணீரென்று கேட்டது. மண்ணெண்ணெயின் மகிமை என்று நினைத்துக்கொண்டேன். முழுதும் அடித்து முடித்த பிறகும் சில விநாடிகள் மிச்சம் இருந்தன. அப்போதுதான் பெருமையோடு தாளைப் பார்த்தேன்.

வெள்ளையாக இருந்தது.

பின்பக்கம் அடித்துவிட்டேனோ என்று உருவித் திருப்பினேன். அதுவும் வெள்ளை. சாய்த்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது, முதல் வார்த்தையிலிருந்து கடைசி முற்றுப்புள்ளிவரை எல்லாம் பள்ளம் பள்ளமாகப் பதிந்திருந்தது. மைதான் இல்லை. விசை வெள்ளைப் புள்ளியிலேயே இருந்தது.

மேற்பார்வைக்கு வந்திருந்த டீச்சர் தாளை ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்துக் கொஞ்ச நேரம் படித்தார்.

"நல்லாத்தான் அடிச்சிருக்கே. தப்புகூட இல்ல போலிருக்கு," என்றார். "ஆனா இதை வெச்சிகினு நான் இன்னாம்மா பண்றது? நம்பரையாவது பேனால எழுதிக் குடு."

எழுதிக் கொடுத்தேன். அந்தத் தாளில் இருந்த மை அவ்வளவுதான்.

வீட்டுக்கு வந்து சொன்னதும் அம்மாவுக்கு முதலில் புரியவில்லை. அண்ணனுக்குப் புரிந்தது.

"முழுசா அடிச்சியா?"

"முழுசா."

"ஒரு எழுத்துகூட வுழலியா?"

"வுழலண்ணே."

அவன் திட்டவில்லை. எழுந்து வாசலுக்குப் போய் நின்றுகொண்டான். சூப்பர்வைசரிடம் இதை எப்படிச் சொல்வது என்று அவன் யோசிப்பது முதுகைப் பார்த்தே தெரிந்தது. சிரித்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அந்த முதுகைப் பார்த்துத்தான் அழுதேன்.

ரிசல்ட் வந்தது. மெர்சி பாஸ். கம்பெனியில் இனிமேல் காத்திருக்க முடியாது என்று சொல்லிவிட்டார்கள். இரண்டு நாள் பொருமினேன். பிறகு நானே அண்ணனிடம், அந்த இடத்துக்கு மெர்சியைச் சொல்லு என்றேன். நல்ல மனசு என்று நினைக்க வேண்டாம். யாரோ முகம் தெரியாதவள் அந்த நாற்காலியில் உட்காருவதை என்னால் பொறுக்க முடியவில்லை, அவ்வளவுதான். அடுத்த திங்கட்கிழமை இன்னொரு காலண்டர் தாளை எடுத்துக்கொண்டு இன்ஸ்டிடியூட்டுக்குப் போனேன். அடுத்த பரீட்சையில் பாஸ் செய்து, பின்னால் அரசாங்க ஆபீஸ் ஒன்றில் டைப்பிஸ்டாகி ரிட்டயராகும் வயதையும் நெருங்கிவிட்டேன்.

அண்ணனுக்கு ஷிப்ட் மூன்று மணிக்கு முடியும். மெர்சிக்கு ஆபீஸ் ஐந்தரைக்கு. அவள் சேர்ந்த மாதத்திலிருந்து அண்ணன் தினமும் ஓ.டி. பார்க்க ஆரம்பித்தான். பிள்ளைக்குப் பொறுப்பு வந்துவிட்டது என்று அம்மா தெருவெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தாள். இரண்டு வருடத்தில் வல்லத்துக் கோயிலில் கல்யாணம்.

போன கிறிஸ்துமஸுக்கு அவர்களுடைய புது மருமகன் வந்திருந்தார். பிரியாணிக்கு நடுவே மெர்சி அண்ணி இந்தக் கதையை ஆரம்பத்திலிருந்து, தாளைத் திருப்பிப் பார்த்த நடிப்போடு, சொல்லி முடித்தாள். மருமகன் நல்ல பையன். சிரிப்பை அடக்கிக்கொண்டு என்னைக் கேட்டார்.

"அந்தப் பேப்பருக்கு எவ்ளோ மார்க் போட்டாங்க, அத்தை?"

நான் வாய் திறப்பதற்குள் அண்ணி முந்திக்கொண்டாள்.

"அவளுக்கு முட்டை போட்டாங்க. எனக்கு வூட்டுக்காரரைப் போட்டாங்க."

அண்ணன் தலையைத் தூக்காமல் தயிர்ப்பச்சடியைத் தள்ளச் சொன்னான்.