சுவரில் ஏறிய சவரிநாதன்

இனிமேல் யார் கையாலும் அறை வாங்குவதில்லை என்று என் வீட்டுக்காரர் சவரிநாதன், நெத்திலிக் குழம்பின் முன்னால் சபதம் எடுத்தார்.

இருபத்திரண்டு வருடமாக அவருடைய தொழிலே அதுதான். சினிமாவில் காமெடியனுக்குப் பக்கத்தில் நின்று அறை வாங்குபவர். இப்போது டி.வி. சீரியலில், அந்த வீட்டு மருமகளிடம் தினமும் அறை வாங்கும் வீட்டோடு மாப்பிள்ளை. ராயபுரத்தில் அவர் பெயர் யாருக்கும் தெரியாது, கன்னம் தெரியும்.

"ஞானம், என்னைப் பாத்து ஜனங்க ஒரு தபா அழணும். அந்த மாதிரி சீன் குடுக்கறவரைக்கும் ஷூட்டிங் போறதில்ல. போனை ஆஃப் பண்ணிட்டேன். உன் போன்ல கேட்டா, காமாலை, ரொம்ப சீரியஸுன்னு சொல்லு. அலறியடிச்சுகினு வூட்டுக்கு வருவானுங்க."

"வந்து?"

"கால்ல வுழுவானுங்க."

பொய் சொன்னால் முட்டி போட வைக்கும் கன்னியாஸ்திரீகளிடம் படித்தவள் நான். தவிர, அவர் மூன்று நாள் வீட்டில் உட்கார்ந்து என் ரசத்துக்கு டைரக்‌ஷன் கொடுத்தால் எனக்குத்தான் காமாலை வரும்.

மறுநாள் சீரியல் மேனேஜர் திருமுருகன் என்னைப் போனில் கூப்பிட்டார். என் வீட்டுக்காரர் மொட்டைமாடியில் காக்கைகளுக்கு அழுது காட்டிக்கொண்டிருந்தார். நான் உள்ளதைச் சொல்லிவிட்டேன்.

"அழுவற சீனா? அவ்ளோதானே அக்கா! அவர் போட்டோ ஒண்ணு அனுப்புங்க. நேராப் பாக்கணும். பல்லு தெரியக் கூடாது."

எதற்கென்று நான் கேட்கவில்லை. வராத நடிகரைச் சாகடித்து, படத்துக்கு மாலை போட்டுச் சுவரில் மாட்டிவிடுவது சீரியல்காரர்களின் வழக்கம். ஒரே ஒரு கண்டிஷன் மட்டும் போட்டேன். திருமுருகன் சிரித்தார், ஒத்துக்கொண்டார்.

பல் தெரியாத படம் வீட்டில் ஒன்றுதான் இருந்தது. எங்கள் கல்யாணப் படம். என்னை வெட்டிவிட்டு அனுப்பினேன்.

வெள்ளிக்கிழமை சாயந்திரம் ஏழு மணிக்கு சீரியல் ஓடியது. சுவரில் இவர், மாலையோடு. முந்தின நாள்வரை அறைந்த மருமகள் கீழே புரண்டு கதறினாள். எதிர்வீட்டு கெங்கம்மா மூக்கைச் சிந்தியபடி ஓடிவந்து, இவரை உயிரோடு பார்த்துக் கொஞ்சம் ஏமாந்தாள்.

"நைனா! இத்தினி வருசத்துல இன்னிக்குத்தான் மூஞ்சிய ஆட்டாம நடிச்சுகீற!"

"பாத்தியா ஞானம், அழுதுடுச்சு!" என்று துள்ளியவர் பாதியில் நின்றார். முகம் நிஜமாகவே மஞ்சளானது. "அப்போ... நான் செத்துட்டனா? இனிமே வேலை?"

"கீது," என்றேன். "திங்கட்கிழமை காலைல ஏழு மணிக்கு ஷூட்டிங். செத்தவரோட இரட்டை அண்ணன் அந்தமான்லேருந்து வர்றாரு. திருமுருகன்கிட்ட நான் கேட்டு வாங்கின வேஷம்."

"அண்ணனா! சீரியஸ் ரோலா?"

"ரொம்ப சீரியஸ். பேய்னு நினைச்சு, வீட்ல இருக்கிற பதினோரு பேரும் அறையறாங்க."

திங்கட்கிழமை ஐந்தரைக்கே ஷேவ் செய்து, இரண்டு கன்னத்துக்கும் தேங்காய் எண்ணெய் தடவிக்கொண்டு கிளம்பிவிட்டார்.