கோள் சொல்லும் கடிகாரமும் என் தொந்தியும்

எங்கோ இருந்தபடி ஒரு கைக்கடிகாரத்தால் என்னை ஆண்டுகொண்டிருக்கும் அருமை அக்கா மகளுக்கு, இடுப்பளவில் நம் குடும்பத்தின் முதலிடத்தை யாருக்கும் விட்டுத்தராத உன் மாமன், உட்கார்ந்த இடத்திலிருந்தே சகல ஆசிகளும் கூறி எழுதுவது.

நான் எத்தனை அடி நடக்கிறேன் என்று உன் போனுக்குக் கோள் சொல்லவே நீ வாங்கி அனுப்பிய கடிகாரம் நலம். நேற்று நீ போட்ட சத்தத்தில் என் போன்தான் கொஞ்சம் சூடாகிவிட்டது. "இன்னிக்கும் பூஜ்யமா மாமா? பாத்ரூமுக்குக் கூடவா எழுந்திரிக்கல?" என்றாய். அம்மணி, "உடம்பைப் பார்த்து வெட்கப்படாதீங்க மாமா, பிரியமா வச்சுக்குங்க, கூடவே கொஞ்சம் நடங்க" என்று சொன்னவளே நீதானே? முதல் பாதியை அன்றே சட்டமாக்கிவிட்டேன், இரண்டாம் பாதி சொல்லும்போது லைன் சரியில்லை. இப்போதெல்லாம் தொந்தி முதலில் அறைக்குள் நுழைந்து வணக்கம் வாங்கிக்கொள்கிறது, நான் சாவகாசமாகப் பின்னால் வருகிறேன். பேன்ட் தைக்கப் போனால் தையல்காரர், "டேப்போட இந்த முனையப் பிடிச்சுக்குங்க சார், நான் ஒரு சுத்து போயிட்டு வந்துடறேன்" என்று கிளம்பினார், நான் ஒரு பேப்பர் படித்து முடித்த பிறகுதான் மறுபக்கமாக வந்து சேர்ந்தார். டாக்டரோ, "உங்க முழங்கால் ரெண்டும் எங்கிட்ட தனியா வந்து அழுதுட்டுப் போச்சு" என்கிறார். போகட்டும். உன் அத்தை போனபின் சாப்பாட்டு மேசையில் எனக்கு இருக்கும் பேச்சுத் துணை இந்தத் தொந்திதான், எது கேட்டாலும் குடகுடவென்று பதில் சொல்கிறது. அதைப் போய் இளைக்க விடுவேனா? நடக்க மாட்டேன். தினமும் போன் செய்து திட்டிக்கொள். திட்டுவதானால் சாயங்காலம் ஏழு மணிக்குத் திட்டு, அந்த நேரத்தில்தான் வீடு ரொம்பப் பெரிதாகிவிடுகிறது.

உன் வீட்டுக்காரருக்கும் என் ஆசி. வேளைக்குச் சாப்பிடு.

இப்படிக்கு,
அசையா மாமன்

பி.கு.: மேலே எழுதியதையெல்லாம் கிழித்துப் போடு. தினமும் காலையில் பூங்காவை நான்கு சுற்று சுற்றுகிறேன், தொந்தியைத் தண்டிக்க அல்ல, அதுவும் பாவம் காற்று வாங்கட்டுமே என்று. அது ஓர் அங்குலமும் குறையவில்லை, மூச்சிரைப்புதான் குறைந்தது, இருவருக்கும் சந்தோஷம். கடிகாரத்தை மட்டும் மேசையிலேயே விட்டுவிட்டுப் போகிறேன். கட்டிக்கொண்டு ஆறாயிரம் அடி நடந்த நாட்களில் ஒரு கட்டைவிரல் படம் அனுப்பினாய், அவ்வளவுதான். மறந்து வைத்துவிட்டுப் போன அன்றைக்குத்தான் பதறிப்போய்க் கூப்பிட்டு நாற்பது நிமிஷம் திட்டினாய். பொய் சொல்லி உன்னைப் பயமுறுத்தியது தப்பு. நாளை முதல் கட்டிக்கொண்டே நடக்கிறேன். ஆறாயிரம் அடிக்கும் ஒரு திட்டு கிடைக்குமா?