வேலியும் ஒரு தெளிவான பூனையும்

ஆவணப்படம் என்பது யார் மனதையும் புண்படுத்தாமல் உண்மையைச் சொல்ல வேண்டும். தென்கொரியாவின் சியோல் நகரத் தொலைக்காட்சி நிலையம் ஒன்றின் உயரிய கொள்கை அது. உண்மையும் புண்படாமையும் மோதிக்கொண்டால் எது விலக வேண்டும் என்று தீர்மானிக்கவே அங்கே பியோன் என்ற மேலாளர் நியமிக்கப்பட்டிருந்தார்.

மா யுன்சோ எடுத்த படம் ஒரு வேலியைப் பற்றியது. ஒரு பக்கம் சொந்த வீட்டுக்காரர்களின் அடுக்குமாடி வளாகம், மறுபக்கம் வாடகைக் குடியிருப்பு, நடுவே வேலி. வளாகத்துக்குள் புகுந்து போனால் பள்ளிக்கூடம் கூப்பிடு தூரம். வேலி வந்தபின் வாடகை வீட்டுப் பிள்ளைகள் லாரி ஓடும் சாலையைச் சுற்றிக்கொண்டு போனார்கள். படம் வந்தால் வெட்கப்பட்டாவது ஒரு கதவு வைப்பார்கள் என்று யுன்சோ நம்பினாள். அதைப் பிள்ளைகளிடம் சொல்லியும் தொலைத்திருந்தாள்.

பியோன் படத்தைப் பார்த்துக் கண் கலங்கினார். கண்ணைத் துடைத்துக்கொண்டு வேலையைத் தொடங்கினார். முதலில் முகங்களை மங்கலாக்கச் சொன்னார். காவலாளியின் சிகரெட்டும் பழம் நறுக்கிய கத்தியும் அந்த ஊர்த் தொலைக்காட்சியில் எப்போதும் மங்குபவைதான். யுன்சோ தலையாட்டினாள். பிறகு வளாகத்தின் பெயர் போயிற்று. பெயர் தெரிந்தால் வீட்டு விலை இறங்கும், இறங்கினால் வழக்கு வரும். கட்டடத்தின் வண்ணமும் போயிற்று. கடைசியில் வேலிக்கு வந்தார்.

"வேலியையுமா சார்?"

"வேலியப் பார்த்தா எந்த வளாகம்னு தெரிஞ்சிடும் மேடம்."

"வேலியப் பத்தின படம் சார் இது."

"வேலிய எடுக்கச் சொல்லலையே. அது அங்கயேதான் இருக்கு. தெரியாம இருக்கு, அவ்வளவுதான்."

"அப்போ பிள்ளைங்க?"

"ஒரு தரப்பு மங்கலா, இன்னொரு தரப்பு தெளிவா இருந்தா நடுநிலை என்ன ஆகும்?"

நடுநிலையை முன்னிட்டு, இரு தரப்புக் குரல்களும் ஒரே வாத்துக் குரலாக மாற்றப்பட்டன. வேலிக்கு அடியில் நுழைந்துபோன தெருப்பூனை மட்டும், வழக்குப் போட வழியில்லாததால், தெளிவாக விடப்பட்டது.

படம் ஒளிபரப்பான மறுநாள் காலையில் நிலையத்தின் தொலைபேசிகள் ஓயவில்லை. அழைத்தது அந்த வளாகம் அல்ல. அங்கே எல்லோரும் பார்த்துவிட்டு, இப்படியும் ஜனங்கள் இருக்கிறார்களே என்று வருத்தப்பட்டுச் சாப்பிடப் போய்விட்டார்கள். புகார்கள் நகரத்தின் மற்ற வளாகங்களிலிருந்து வந்தன. எங்கள் வேலியை எங்களைக் கேட்காமல் எப்படிக் காட்டலாம் என்று ஆளாளுக்குக் கேட்டார்கள். நிலையம் மாலையே மன்னிப்புக் கேட்டது. கேட்டவரின் முகம் மங்கலாக்கப்பட்டிருந்தது.

யுன்சோவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அப்போது அம்மா அழைத்தாள். நகரின் இன்னொரு மூலையில், புதிய வளாகம் ஒன்றில் அவளும் அம்மாவும் கடன் வாங்கி வீடு வாங்கி ஒரு வருஷம்கூட ஆகவில்லை.

"ஏன்டி, நம்ம வேலியவா படம் பிடிச்சே?"

"நம்ம வளாகத்துல ஏதும்மா வேலி?"

"பின்வாசல் பக்கம் இருக்கே. நீ கார்லயே போய் வர்றவ, எங்க பார்த்தே. அந்தப் பூனைய வச்சே மேல்வீட்டம்மா கண்டுபிடிச்சுட்டாங்க. இப்போ அந்தப் பக்கத்து வாடகை வீட்டுக்காரங்க கதவு வைங்கன்னு வந்து நிக்கிறாங்க. சங்கத்துல கதவு வேணுங்கறவங்களக் கை தூக்கச் சொல்றாங்க. நான் தூக்கட்டுமா, வேணாமா?"

யுன்சோ அறையில் யாரும் இல்லை என்று பார்த்துக்கொண்டு குரலைத் தாழ்த்தினாள்.

"கதவு வச்சா நம்ம வீட்டு விலை எவ்வளவும்மா இறங்கும்?"