கமோட் சேருக்குள் கடல்

அன்று எனக்கு இருந்தது ஒரே வேலை. முழங்கால் ஆப்பரேஷன் முடிந்து வீட்டுக்கு வந்திருந்த மனைவியின் கமோட் சேரைக் கழுவி, பின்பக்கம் வெயிலில் காயவைத்து, திரும்ப உள்ளே கொண்டு வர வேண்டும்.

கழுவினேன். காயவைத்தேன்.

மாடியில் குடியிருப்பவர் எட்டிப் பார்த்தார். "சார், பின்னாடி கெடக்குற சேரை இன்னிக்கு ஒரு நாள் எடுத்துக்கட்டுமா?"

அங்கே கால் உடைந்த பிளாஸ்டிக் சேர் ஒன்றும் கிடந்தது. எதைச் சொல்கிறார் என்று கேட்டிருக்கலாம். எனக்குத்தான் வெளி ஆட்களிடம் இரண்டாவது வார்த்தை வராதே! "ம்" என்றேன்.

அவர் ஆவணப்பட இயக்குநர். ஓவியரும்கூடவா என்று யாராவது கேட்டால், "அதையெல்லாம் தாண்டியாச்சு சார்" என்பார். நோணாங்குப்பத்தில் படகுகளை விட்டுவிட்டுத் தண்ணீரை மட்டும் எடுத்தார். மூலக்குளத்தில் சுவர்ப்பூச்சு காய்வதை எடுத்தார். லாஸ்பேட்டையில், விமானம் வராத விமான நிலையத்தில், விமானம் வராததை எடுத்தார். மூன்று படத்தையும் பார்த்தேன். மூன்றிலும் சேர்த்து வாய் திறந்தது ஒரு காக்கா.

மதியம் மனைவி கூப்பிட்டாள். "ஏங்க, சேரு எங்க?"

பின்பக்கம் ஓடினேன். கால் உடைந்தது மட்டும் பல்லிளித்தது.

"மாடிக்காரர் எடுத்துட்டுப் போயிட்டாரு. தோ, வாங்கியாந்துடுறேன். கொஞ்சம் காத்திரு."

"காத்திருக்க இது என்ன பஸ்ஸா? சீக்கிரம் போங்க!"

சைக்கிளை மிதித்தேன். கடற்கரைப் பக்கம் ஒரு பெரிய வீட்டு ஹாலில் அவருடைய கண்காட்சி என்று மாடிப்படியில் நோட்டீஸ் ஒட்டியிருந்தார். உள்ளே நுழைந்தால், நடுவில் மேடை, மேடைமேல் விளக்கு வெளிச்சத்தில் எங்கள் சேர்! பக்கெட் இருக்க வேண்டிய ஓட்டைக்குள் ஒரு குட்டி டிவி மல்லாந்து கிடந்தது. அதில் கடல் அலை. ஒவ்வொருவராகக் குனிந்து, ஓட்டைக்குள் முகம் வைத்துப் பார்த்து, பெருமூச்சு விட்டார்கள்.

போய்க் கை வைத்தேன்.

"முசியே, வரிசையில வாங்க," என்றார் பிரெஞ்சுப் பட்டாளத்துப் பென்ஷன் வாங்கும் உள்ளூர்க்காரர் ஒருவர்.

வீட்டில் அவள் பல்லைக் கடித்துக்கொண்டு கிடக்கிறாள். நான் வரிசையில் நின்றேன்! எனக்கு முன்னால் ஏழு பேர்.

மாடிக்காரர் பார்த்துவிட்டார். "எங்க வீட்டுக்கார சார்! பாத்தா என்னா தோணுது, சொல்லுங்க."

"சேர் வேணும்," என்றேன், அவர் காதோடு.

"எல்லாருக்கும் கேக்கட்டும் சார். கூச்சப்படாம!"

எங்கிருந்து வந்ததோ அந்தக் குரல். "என் வூட்டுக்காரிக்கு அவசரம்யா! அது அவ கக்கூஸ் சேரு!"

பார்த்து முடித்திருந்தவர்கள் எல்லாரும் கைக்குட்டையை எடுத்து முகத்தைத் துடைத்தார்கள்.

"அடப்பாவி," என்றார் பென்ஷன்காரர். "கடல் வாசம் வருதேன்னு மோந்து வேற பாத்தேன்!"

"சார், கேட்டுட்டுத்தானே எடுத்தேன்!" என்றார் கலைஞர். டிவியோடு கடலைப் பிடுங்கி அவர் கையில் கொடுத்தேன். சேரைக் கேரியரில் கட்டிக்கொண்டு பறந்தேன்.

வாசலிலிருந்தே கத்தினேன். "வந்துடுச்சு! கண்காட்சியில வச்சிருந்தாரு. ஊரே பாத்துச்சு!"

உள்ளேயிருந்து பதில் வந்தது. "எத்தினி பேரு கை வச்சாங்களோ. கழுவிட்டுக் கொண்டாங்க."