ஐம்பத்தொன்று அடித்த டயரும் முரளியின் நிச்சயதார்த்தமும்

புதிதாக ஒரு விஷயத்தைத் தெரிந்துகொண்டவரைவிட ஆபத்தான மனிதர் உலகத்தில் இல்லை. யோகா வகுப்பில் சேர்ந்து ஒரு வாரமே ஆனவர் பக்கத்தில் பஸ்ஸில் உட்கார்ந்து பாருங்கள், நான் சொல்வது புரியும். இறங்குவதற்குள் உங்கள் முதுகெலும்பு உங்களுடையதாக இருக்காது. அந்த மாதிரி ஆளாக நானும் ஒரு வருஷம் இருந்தேன். நான் கற்றுக்கொண்டது யோகா அல்ல, கார் டயரின் காற்று.

சில வருஷங்களுக்கு முன்னால், பெங்களூர் பொம்மனஹள்ளியில் வேலை நிரந்தரமானதும் ஒரு பழைய கார் வாங்கினேன். ஆஸ்டின் டவுனில் இருந்த எங்கள் வீட்டில் நான்கு சக்கரம் வைத்த வண்டி வாங்கிய முதல் ஆள் நான்தான் (அதற்கு முன்னால் எங்களிடம் இருந்த நான்கு சக்கரமும் அம்மாவின் சூட்கேஸில் இருந்தது). வாங்கிய கையோடு போனில் ஒரு வீடியோ பார்த்துத் தொலைத்தேன். குளிரில் டயருக்குள் காற்றழுத்தம் குறையும், வெயிலில் ஏறும், மழைக்காலத்தில் ரோட்டைப் பிடிக்க அளவு சரியாக இருக்க வேண்டும், ஆகவே வருஷம் முழுக்கக் கண்காணியுங்கள் என்றார் அந்த மனிதர். அன்றே காற்றழுத்தம் அளக்கும் கேஜ் ஒன்று வாங்கி ஹேண்ட்பேக்கில் போட்டுக்கொண்டேன்.

அதன் பிறகு தெருவில் என்னைப் பார்த்தாலே ஜனங்கள் விலகிப் போனார்கள். வண்டி ஓடுவதற்கு முன், டயர் ஜில்லென்று இருக்கும்போதுதான் அளக்க வேண்டும் என்பதால் காலையில் பல் தேய்ப்பதற்கு முன்பே டயர் பக்கத்தில் குந்தியிருப்பேன். பக்கத்து வீட்டுக்காரரின் காரையும் விடமாட்டேன். “சார், லெஃப்ட் பேக் கொஞ்சம் கம்மி” என்று ஜன்னல் வழியாகச் சொல்லுவேன். கொஞ்ச நாளில் அவர் அடுத்த தெருவில் நிறுத்த ஆரம்பித்தார்.

இந்த நிலைமையில் என் தம்பி முரளிக்கு நிச்சயதார்த்தம் வந்தது. பெண் நித்யா, ஓசூர். இரண்டு பேரும் ஒரே கல்லூரியில் படித்து, தாங்களாகவே பேசி முடித்துவிட்டார்கள். எல்லாம் சரி, பெண்ணின் அப்பாதான் சிக்கல். சண்முகம் மாமா ஓசூரில் ஒரு தொழிற்சாலையின் டைம் ஆபீஸில் இருந்து ரிடையர் ஆனவர். லேட்டாக வருகிறவர்களைக் குறித்து வைப்பதே அவருடைய உத்தியோகம். அப்படிப்பட்டவர் வீட்டுக்கு நாங்கள் பெண் பார்க்கப் போனபோது, அவர்கள் போட்ட காபி ஆறி, ஏடு கட்டி, திரும்பச் சூடாகி, மறுபடி ஆறிய பிறகுதான் போய்ச் சேர்ந்தோம்.

“டிராஃபிக் மாமா” என்று இழுத்தான் முரளி.

“டிராஃபிக் நேத்தும் இருந்துச்சுல்ல தம்பி? உங்களுக்குத் தெரியும்ல?” என்றார் அவர். கிளம்பும்போது அப்பாவைத் தனியாக அழைத்து இன்னொன்றும் சொன்னார். “திங்கட்கிழமை ராகு காலம் முடிஞ்சு, பத்தரைக்கு எமகண்டம் ஆரம்பிக்கறதுக்குள்ள தட்டு மாத்தணும். அன்னிக்கும் இப்படித்தான் வருவீங்கன்னா, என் பொண்ணு விஷயத்தை நான் இன்னொரு தடவை யோசிக்கணும்.”

அன்று இரவு முரளி சாப்பிடவில்லை. எனக்கு அவனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. “நீ கவலைப்படாதடா, நான் கார்ல கூட்டிட்டுப் போறேன். எல்லாருக்கும் முன்னாடி போய் நிக்கறோம்” என்று வாக்குக் கொடுத்தேன்.

நிச்சயத்துக்கு முந்தைய சாயங்காலம் எனக்குள் இருந்த டயர் நிபுணி விழித்துக்கொண்டாள். நாலு பேர், பின்னால் சீர்த் தட்டுகள், தை மாதக் குளிர். காற்று கூட வேண்டும். எவ்வளவு? அதுவரை பங்க்கில் அடித்ததை அப்படியே காப்பாற்றி வந்தேனே தவிர, சரியான அளவு எது என்று நான் பார்த்ததில்லை. டிரைவர் பக்கத்துக் கதவைத் திறந்தால் அளவு எழுதிய ஸ்டிக்கர் இருக்கும் என்று வீடியோ மனிதர் சொல்லியிருந்தார். திறந்தேன். அங்கே முருகர் இருந்தார். காரை முன்பு வைத்திருந்த புண்ணியவான் மிகச் சரியாக அந்த இடத்தில் வேலும் மயிலுமாக அவரை ஒட்டியிருந்தார். நிச்சயத்துக்கு முதல் நாள் சாமியை உரிப்பதற்கு எனக்குக் கை வரவில்லை.

கன்னத்தில் போட்டுக்கொண்டு டயரைப் பார்த்தேன். அதிலேயே பொடி எழுத்தில் ஏதேதோ போட்டு, கடைசியில் 51 என்று இருந்தது. எனக்கு உடம்பு சிலிர்த்தது. ஐம்பத்தொன்று. நாம் மொய் எழுதுகிற எண் அல்லவா இது. அப்பாவிடம் ஓடினேன்.

“அம்பத்தொண்ணா? நல்ல நம்பர்ம்மா” என்றார் அப்பா. “கடைசியில ஒண்ணு வந்தாலே மங்களம்தான். வேற நம்பர் எதுவும் வச்சுடாதே.”

(போனில் தேடிப் பார்த்திருக்கலாம்தான். டயரே தன் வாயால் சொல்லும்போது மூன்றாம் மனிதரைக் கேட்பானேன் என்று இருந்துவிட்டேன்.)

பெட்ரோல் பங்க்கில் காற்றடிப்பவர், “எஷ்டு ஹாக்லி மேடம்?” என்றார். எவ்வளவு அடிக்கட்டும் என்று கேட்கிறார்.

“ஐவத்தொந்து” என்றேன் கம்பீரமாக.

“பக்கா?”

“பக்கா.”

அவர் தோளைக் குலுக்கிவிட்டு மெஷினில் எண்ணைத் தட்டினார். நாலு டயரும் புது மாப்பிள்ளை மாதிரி நிமிர்ந்து நின்றன.

மறுநாள் ராகு காலம் தொடங்குவதற்கு முன்பே கிளம்பிவிட்டோம். முன்சீட்டில் வெள்ளைப் பட்டுச் சட்டையும் வேட்டியுமாக முரளி, மடியில் குங்குமத் தட்டு. பின்னால் அப்பாவும் அம்மாவும், நடுவில் லட்டுக் கோபுரம். அம்மா முதல் நாள் பூராவும் உட்கார்ந்து அடுக்கிய கோபுரம் அது. புடவை, பழம், தேங்காய்த் தட்டுகள் எல்லாம் டிக்கியில்.

ஆஸ்டின் டவுனைத் தாண்டுவதற்குள் முதல் ஹம்ப், அதாவது வேகத்தடை, வந்தது. கார் ஏறியது, எகிறியது, பந்து மாதிரி குதித்து இறங்கியது. கோபுரத்தின் கலசம் அப்பாவின் மடியில் விழுந்தது. அப்பா அதை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

“மெதுவாடி” என்றாள் அம்மா.

மெதுவாகத்தான் போனேன். பெங்களூரில் ஹம்ப் என்பது ரோட்டில் இருக்கும் சமாசாரம் இல்லை, ஹம்ப்களுக்கு நடுவில் அங்கங்கே கொஞ்சம் ரோடு இருக்கும். ஒவ்வொன்றிலும் லட்டுகள் இரண்டு மூன்றாகக் கோபுரத்தைத் துறந்து சீட்டுக்கு அடியில் போயின. பொம்மனஹள்ளி தாண்டி ஒரு குட்டி லாரி திடீரென்று முன்னால் நின்றது. நான் பிரேக்கை அழுத்தினேன். விறைத்த டயர் வழுக்கிக்கொண்டு போய், லாரியை முத்தமிடாத குறையாக நின்றது. முரளியின் மடியில் இருந்த குங்குமம் மட்டும் நிற்கவில்லை.

வெள்ளைச் சட்டை, கழுத்து, மூக்கு எல்லாம் சிவப்பு. திருஷ்டிப் பூசணிக்காய் உடைத்த இடம் மாதிரி உட்கார்ந்திருந்தான். வேட்டி நுனியால் மூக்கைத் துடைத்து, சிவப்பை வேட்டிக்கும் பரப்பினான். அவன் திட்டியிருந்தால்கூட எனக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

எல்லை ஊரான அத்திபெலே வந்ததும் ஓரமாக நிறுத்தி கேஜை வைத்துப் பார்த்தேன். ஓடின சூட்டில் முள் ஐம்பத்தைந்தைத் தாண்டி நின்றது. “டயர் வெடிச்சிடும், எல்லாரும் இறங்குங்க” என்றேன். சீக்கிரம் ஆகட்டும் என்று ஆளுக்கொரு டயரைப் பிரித்துக் கொடுத்தேன். அம்மா கொண்டையிலிருந்து ஹேர்பின்களை உருவிக் கொடுத்தாள். “வால்வு நடுவுல குச்சி மாதிரி இருக்கும், அதை அமுக்கி, பத்து எண்ணிட்டு விட்டுடுங்க.”

என் வாழ்க்கையில் நான் போட்ட மிக மோசமான திட்டம் இதுதான். அப்பாவுக்கு ‘உஸ்’ என்ற சத்தம் கேட்டதுமே பயம். ஒன்று என்று எண்ணியதோடு எழுந்துவிட்டார். முரளிக்கு அந்த நேரம் பார்த்து நித்யாவிடமிருந்து மெசேஜ். ஒரு கையால் அதைப் படித்துக்கொண்டு, மறு கையால் அமுக்கிக்கொண்டே இருந்தான். நான் கேஜால் அளந்து அளந்து இறக்கினேன். அளக்கும்போதெல்லாம் கொஞ்சம் காற்று போனதால், பங்க்கில் வழக்கமாக அடிக்கிற அளவு வந்து, கடந்து, இருபதுக்குக் கீழே போனது. அம்மாவின் டயர் ரிம்மில் உட்கார்ந்துவிட்டது.

“பத்து எண்ணச் சொன்னேனேம்மா?”

“நடுவுல நம்பர் மறந்துடுச்சுடி. அதான் மறுபடி முதல்லேருந்து எண்ணினேன்.” விரலை எடுக்காமல்தான் எண்ணியிருக்கிறாள்.

ஸ்டெப்னி இருக்கிறதே என்று டிக்கியைக் காலி செய்து, தட்டுகளை ரோட்டோரம் வரிசையாக வைத்து, அதை வெளியே எடுத்தோம். அமுக்கினால் தலையணை மாதிரி அமுங்கியது. அம்மா என்னைப் பார்த்தாள். “வருஷம் பூரா நாலு டயரையும் தடவித் தடவிப் பாத்தியே, அஞ்சாவதா ஒண்ணு இருக்கறது உனக்குத் தெரியாதாடி?”

கொஞ்ச தூரத்தில் ஒரு பஞ்சர் கடை இருந்தது. அப்பாவும் முரளியும் காரைத் தள்ளினார்கள். நான் ஸ்டியரிங்கைப் பிடித்தேன். அம்மா லட்டுத் தட்டோடு பின்னால் நடந்து வந்தாள். கடைக்காரர் ரஃபீக் பாய் சிவப்புச் சாயம் பூசிய மாப்பிள்ளையைப் பார்த்து எழுந்தே நின்றுவிட்டார். “காத்து அடிக்கலாம்மா, ஆனா கரண்ட் போய்ருச்சே. வர்றதுக்குப் பத்தரை ஆயிடும்” என்றார்.

பத்தரை. எமகண்டம்.

ஆட்டோக்காரர்களைக் கேட்டோம். “ஓசூரா? பார்டர் தாண்ட பர்மிட் இல்லம்மா” என்று ஒருவர் பின் ஒருவராகப் போனார்கள். எதிரே தமிழ்நாடு தெரிகிற தூரத்தில் இருக்கிறது, போக வழியில்லை. வந்த பஸ்களில் ஏறுபலகையில் கால் வைக்கவே இடமில்லை, தட்டுகளை எங்கே வைப்பது? முரளி பழைய டயர் ஒன்றின் மேல் உட்கார்ந்து தலையைப் பிடித்துக்கொண்டான். “போச்சுக்கா” என்றான். நான் அவனுக்குக் கொடுத்த வாக்கு எனக்கு நினைவு வந்து, அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

கடைசியில் நித்யாவுக்குப் போன் போட்டான். எடுத்தது அவள் அப்பா. முரளி எழுந்து நின்று, நடந்ததைத் திக்கித் திக்கிச் சொன்னான். அவர், “எந்தக் கடை?” என்று மட்டும் கேட்டுவிட்டு வைத்துவிட்டார்.

நேரில் வந்து வேண்டாம் என்று சொல்லத்தான் வருகிறார் என்றார் அப்பா. அம்மா மிச்சமிருந்த லட்டுகளை மறுபடி அடுக்கிக்கொண்டிருந்தாள்.

பத்து மணி தாண்டி எதிர்ப்பக்கத்திலிருந்து ஒரு வேன் வந்து திரும்பி நின்றது. சண்முகம் மாமா முதலில் இறங்கினார். இறங்கியதும் வாட்சைப் பார்த்தார். நான் முன்னால் போய், “மாமா, தப்பு முழுக்க என்னோடது. முரளி மேல கோபப்படாதீங்க” என்றேன்.

“லேட்டா வந்தா கோபப்படுவேன்னுதானேம்மா சொன்னேன்?” என்றார் அவர். “வர முடியாம நடுவழியில நின்னா, நான் வந்து பாக்க மாட்டேன்னா சொன்னேன்?”

அவருக்குப் பின்னால் வேனிலிருந்து அவர் மனைவி, பூமாலை, ஐயர், அவர்கள் வீட்டுச் சொந்தங்கள், கடைசியாகப் பட்டுப்புடவையில் நித்யா என்று ஒவ்வொருவராக இறங்கினார்கள். நித்யா முரளியைத் தலையிலிருந்து கால் வரை பார்த்து, வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அவனுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அன்று காலையிலிருந்து அவன் முதல் தடவை சிரித்தது அப்போதுதான்.

ரஃபீக் பாய் டயர்களை ஒதுக்கி இடம் பண்ணினார். பாய் விரித்து, இரண்டு வீட்டுப் பெரியவர்களும் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். மேளம் இல்லையே என்று நித்யாவின் அம்மா குறைப்பட்டுக்கொண்டிருக்கும்போதே தட்டைக் கைமாற்றினார்கள். சரியாக அந்த நேரம் கரண்ட் வந்தது. மூலையில் இருந்த கம்ப்ரெஸ்ஸர் ‘டபடபடப’ என்று அடிக்க ஆரம்பித்தது. கெட்டிமேளத்துக்கு அட்சதை போடுவது போல எல்லாரும் பூவை அள்ளிப் போட்டார்கள். மாமா வாட்சைப் பார்த்து, “பத்து இருபது” என்றார். அவர் முகத்தில் அப்படியொரு திருப்தியை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

காற்றடிக்கும்போது நித்யா என் பக்கம் வந்தாள். அவள் ஒரு உதிரிபாகத் தொழிற்சாலையில் தரப் பரிசோதனையில் இருப்பவள். “எவ்வளவு வச்சிருந்தீங்க அண்ணி?” என்றாள். சொன்னேன். குனிந்து டயரைப் படித்துவிட்டு, சிரிக்காமல் இருக்கப் பாடுபட்டாள். “இது அதிகபட்சம் அண்ணி. இதுக்கு மேல டயர் தாங்காதுன்னு சொல்றான்.” பிறகு கதவைத் திறந்து, முருகரைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, பக்குவமாக உரித்து டேஷ்போர்டில் ஒட்டினாள். அடியில் முப்பத்துமூன்று என்று இருந்தது.

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. முன்வரிசையில் ரஃபீக் பாய் குடும்பத்தோடு உட்கார்ந்திருந்தார். நிச்சயதார்த்த ஆல்பத்தில் எல்லாப் படத்திலும் பின்னணியில் டயர்கள் இருக்கின்றன. எங்கள் சொந்தத்தில் யாருக்காவது மண்டபம் கிடைக்கவில்லை என்றால், “அத்திபெலேயில காத்துக் கடை இருக்கே” என்பது இன்றைக்கும் வழக்கம். வெயில் காலம், மழைக்காலம், குளிர்காலம் தொடங்கும்போதெல்லாம் மாமா எனக்குப் போன் போட்டு, ஸ்டெப்னியையும் சேர்த்துப் பார்க்கச் சொல்கிறார். நானும் பார்த்துவிட்டுச் சொல்கிறேன். பிறகு வெகுநேரம் வேறு விஷயங்கள் பேசுகிறோம்.

போன மாதம் சித்தி பெண்ணின் நிச்சயத்துக்கு மண்டபம் அமையாமல் எல்லாரும் கூடிப் பேசிக்கொண்டிருந்தோம். வழக்கம்போல யாரோ காத்துக் கடையை இழுத்தார்கள். மாமா கொஞ்சம் யோசித்தார்.

“தாராளமா வைக்கலாம்” என்றார். “அங்க வச்சா, உங்களை மன்னிச்ச இடமாச்சே, யார் எவ்வளவு லேட்டா வந்தாலும் என்னால ஒண்ணும் சொல்ல முடியாது.”

சொல்லும்போது அவர் சிரிக்கவே இல்லை.