மண்ணெண்ணெய் டின்னோடு வந்த மனிதன்

விளைவுகளை எடைபோட்ட பிறகே செயலில் இறங்க வேண்டும் என்பது என் கொள்கை. ஒரு மத்தியானம் அப்படிச் செய்து பார்த்தேன். அன்றிலிருந்து எடைபோடும் வேலையை அக்காவிடம் ஒப்படைத்துவிட்டேன்.

மெட்ராஸில் பி.ஏ. முடித்துக் கப்பலேறி வந்து, செந்தூல் ரயில்வே குடியிருப்பில் அக்கா வீட்டில் தங்கியிருந்தேன். அத்தான் பட்டறைக்குப் போயிருந்தார். நான்கு மாதக் குழந்தை அடுப்படியின் மூலையில் தூளியில் தூங்கியது. முன்னறையில் நான் பொதுச் சுகாதாரம் குறித்த என் முதல் சொற்பொழிவை உரக்க ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தேன். (சபையில் அக்கா ஒருவரே, அவரும் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார்.)

திடீரென அக்காவின் கை நின்றது.

"தம்பி, மண்ணெண்ண வாட வருது. அடுப்படியில யாரோ இருக்காங்க."

எட்டிப் பார்த்தேன். காக்கிச் சட்டை அணிந்த ஒருவன், மூக்கு நீண்ட எண்ணெய் டின்னுடன், சாப்பாட்டு அலமாரிக்கு அடியில் குனிந்திருந்தான். தூளி அவனுக்கு நான்கடி தூரத்தில் இருந்தது.

தீ வைக்கத்தான் வந்திருக்கிறான். கத்தினால் அவன் பதறிப்போய்த் தீக்குச்சியைக் கிழிக்கக்கூடும். பாய்ந்தால் டின் கவிழக்கூடும். ஆள் அழைத்து வருவதென்றால்...

"என்னடா பண்ற?" என்று அக்கா முதுகில் குத்தினார்.

"யோசிக்கிறேன்."

"புள்ளைக்குக் கல்யாணம் ஆகிற வரைக்கும் யோசி."

முடிவெடுத்தேன். நனைந்த தீக்குச்சி எரியாது. அடுப்படி வாசலில் மழைநீர் பிடித்துவைத்திருந்த பெரிய வாளியைத் தூக்கி, முழுவதையும் அவன் தலையில் கவிழ்த்தேன். அக்கா பாய்ந்து குழந்தையை வாரியெடுத்தார்.

அவன் நிதானமாக முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"முன்வாசல்ல நாலு வாட்டி கூப்பிட்டேன் ஐயா. உள்ள யாரோ லெச்சர் அடிச்சிக்கிட்டு இருந்தாங்க. அதான் பின்பக்கமா வந்தேன்."

பையிலிருந்து ஒரு நனைந்த காகிதத்தை எடுத்து நீட்டினான். என் கையெழுத்து. குழந்தைகளைக் காய்ச்சலிலிருந்து காக்க, ஒவ்வொரு வீட்டினுள்ளும், எறும்பு ஏறாமலிருக்க அலமாரிக் கால்களுக்கு வைக்கும் தண்ணீர்க் கிண்ணம் வரை, கொசுப்புழுவைத் தேடி எண்ணெய் ஊற்றி அழிக்க உடனே ஆள் அனுப்புமாறு சுகாதார அதிகாரிக்கு நான் எழுதிய மனு.

"இத எழுதினது நீங்கதானே?"

"நான்தான்."

தன் சட்டைக் கழுத்துப்பட்டியில் நெளிந்த புழு ஒன்றை எடுத்து உள்ளங்கையில் வைத்துக் காட்டினான்.

"மொத வீட்டிலேயே கெடச்சிருச்சு லா."

(அந்த வாளியை நாள்தோறும் கவிழ்த்து வைப்பது என் பொறுப்பு. மனுவுக்கு நல்ல நடை தேடியதில் ஒரு வாரமாக மறந்திருந்தேன்.)

தூளியில் கிடந்தவனுக்கு இப்போது மீசை முளைத்துவிட்டது. இன்றும் மழையில் நனைந்தபடி யார் வீட்டுக்கு வந்தாலும், துண்டை நீட்டிக்கொண்டே அக்கா கேட்பார்:

"தம்பி மனு போட்டுத்தான் வர்றீங்களா?"